ஹான்ஸ் ஐஸ்லர்: படத்தை எதிர்த்துப் பேசிய சங்கீதம்

(தொழிலாளர் படிப்பகம் ஒன்றில், படக் காட்சிக்கு முன்பு நிகழ்த்திய சொற்பொழிவு)

இன்று அரசியல் வகுப்பு நடக்கும் என்று நினைத்து வந்தவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ள வேண்டும். இன்று சங்கீதத்தைப் பற்றிப் பேசப்போகிறோம். அதிலும் சினிமா சங்கீதத்தைப் பற்றி. "கட்சிக்காரனுக்கு இதில் என்ன வேலை?" என்று முன் வரிசையில் ஒரு தோழர் பக்கத்திலிருப்பவரிடம் கேட்டது நம் காதிலும் விழுந்தது. நியாயமான கேள்விதான். நாம் வித்வான் அல்ல. மெட்ரிகுலேஷனோடு பள்ளிக்கூட வாசலை விட்டு இறங்கியவர்கள். சுருதி விலகினால் காது கூசும். ஏன் கூசுகிறது என்று கேட்டால் சொல்லத் தெரியாது.

ஆனால் ஒரு விஷயத்தில் நமக்கு அனுபவம் உண்டு. இருபது வருஷத்துக்கு மேலாகப் பொதுக்கூட்டங்களுக்கு மேடை போட்டு வருகிறோம். ஆறு மணிக்குக் கூட்டம் என்று நோட்டீஸ் அடிப்போம். தலைவர் வந்து சேர எட்டு மணி ஆகும். அதுவரை ஜனங்கள் கலைந்து போகாமல் இருக்க என்ன செய்வோம்? பாட்டுக்காரத் தோழர்களை மேடையேற்றுவோம். அவர்களும் தொண்டை கிழியப் பாடுவார்கள். தலைவரின் கார் தெருமுனையில் திரும்பியதும், பாடுகிறவரின் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்து இழுப்போம். சரணத்தின் பாதியிலே பாட்டு நிற்கும். இப்படி எத்தனை சட்டைகளை இழுத்திருக்கிறோம் என்று கணக்கில்லை. ஒரு நாள் தப்படிக்கிற பெரியவர் ஒருவர் மேடையை விட்டு இறங்கும்போது நம்மைப் பார்த்துக் கேட்டார்: "ஏந் தம்பி, நாங்க என்ன, பஸ்ஸு வர்ற வரைக்கும் ஒதுங்குற நிழலா?"

அன்று நம்மிடம் பதில் இல்லை. அந்தக் கேள்வியையே ஆயுள் முழுவதும், சினிமா முதலாளிகளிடமும், சர்க்கார்களிடமும், ஏன், சொந்தக் கட்சியிடமும் கேட்டுக்கொண்டிருந்த ஒரு மனிதரைப் பற்றிப் பிற்பாடுதான் படித்தோம். அவர் பெயர் ஹான்ஸ் ஐஸ்லர். சுமார் 40 படங்களுக்குச் சங்கீதம் அமைத்தவர். இன்று நாம் பார்க்கப்போகும் படத்துக்கும் அவர்தான் சங்கீதம்.

ஐஸ்லர் 1898 ஜூலை 6ந் தேதி ஜெர்மனியில் லைப்ஸிக் நகரத்தில் பிறந்தார். வளர்ந்தது ஆஸ்திரியாவின் தலைநகரான வியன்னாவில். தந்தை தத்துவ அறிஞர். புஸ்தகங்கள் பல எழுதியவர். ஆனால் வீட்டில் காசு இல்லை. தாய் தொழிலாளர் வீட்டுப் பெண். முதல் உலக யுத்தத்தில் பையனைப் பட்டாளத்தில் பிடித்துப் போட்டார்கள். யுத்தம் முடிந்து வந்தவர், 1919லிருந்து 1923 வரை ஆர்னால்ட் ஷோன்பெர்க் என்ற மகா வித்வானிடம் பயின்றார். ஐரோப்பிய சங்கீதத்தின் பழைய இலக்கணத்தையே புரட்டிப் போட்டவர் இந்த ஷோன்பெர்க். சிஷ்யன் ஏழை என்று தெரிந்து சம்பளம் வாங்காமல் கற்றுக்கொடுத்தார். கண்டிப்பான வாத்தியார். அந்தக் கண்டிப்பு ஐஸ்லரின் கையை விட்டுக் கடைசிவரை போகவில்லை.

அதே காலத்தில் வியன்னாவில் தொழிலாளர்களின் பாடகர் குழுக்களையும் ஐஸ்லர் நடத்திவந்தார். பகலில் குருநாதரின் நுட்பமான சங்கீதம். மாலையில் ஆலையிலிருந்து வந்தவர்களின் கரகரத்த குரல். இரண்டும் ஒரே மனிதனுக்குள் சண்டை போடாமல் இருக்குமா? 1925ல் பெர்லினுக்குப் போனார். 1926ல் குருவோடு முறிவு ஏற்பட்டது. யாருக்காகச் சங்கீதம் என்பதே சண்டையின் மூலம். நாலு சுவருக்குள் நாற்பது பேர் கேட்டுத் தலையாட்டும் சங்கீதம் தமக்கு வேண்டாம் என்று சிஷ்யன் ஒதுங்கினார். முறிந்தாலும் குருவை ஒரு நாளும் இழித்துப் பேசவில்லை.

பெர்லினில் அவர் எழுதிய ஊர்வலப் பாட்டுகள், எர்ன்ஸ்ட் புஷ் என்ற நடிகரின் வெண்கலக் குரலில் தெருத்தெருவாக ஒலித்தன. நாடகாசிரியர் பிரெக்ட் அவருக்கு ஆப்த நண்பரானார். பாட்டுகளைப் பற்றி இன்னொரு நாள் பேசலாம். இன்று சினிமாவுக்கு வருவோம்.

அந்தக் காலத்தில் சினிமா ஊமை. கொட்டகையில் திரைக்கு முன்னால் வாத்தியக்காரர்கள் உட்கார்ந்து வாசிப்பார்கள். சின்னக் கொட்டகை என்றால் ஒரே ஒரு பியானோ. படத்துக்கும் வாசிப்புக்கும் பொருத்தம் இருந்தால் அதிர்ஷ்டம். 1927ல் பாடன்-பாடன் என்ற ஊரில் நடந்த சங்கீத விழாவில், ரூட்மன் என்பவரின் சிறு படம் ஒன்றுக்கு ஐஸ்லர் வாத்திய இசை எழுதினார். படத்தின் ஓட்டத்தையும் வாத்தியத்தின் தாளத்தையும் அடிக்கு அடி சேர்த்து வைக்க ஒரு யந்திரத்தை அப்போது பரீட்சித்துப் பார்த்தார்கள். அவர் சினிமாவுக்குள் நுழைந்த வாசல் இதுதான். நுழையும்போதே பாட்டுப் போடுகிறவராக மட்டும் நுழையவில்லை. சத்தமும் படமும் எப்படிச் சேருகின்றன என்று ஆராய்கிறவராக நுழைந்தார்.

சில வருஷங்களில் பேசும் படம் வந்தது. பிலிமின் ஓரத்திலேயே ஒலியை ஒளிக்கோடாகப் பதிய வைத்தார்கள். ஒரு தடவை பதித்தால் ஆயிரம் கொட்டகையில் ஓட்டலாம். முதலாளிக்குக் கொண்டாட்டம். கொட்டகைதோறும் வாசித்துப் பிழைத்த வாத்தியக்காரர்களுக்கோ பிழைப்புப் போயிற்று. யந்திரம் வந்தால் யார் தலையில் விடியும் என்பது நம் ஆலைத் தோழர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அந்தக் கால மைக்கும் நொண்டி மைக். வயலின் கூட்டம் சேர்ந்து வாசித்தால் குழைந்து போகும். ஊதுவாத்தியமும் கொட்டும் துலக்கமாக விழும். மயக்குகிற வயலின் வெள்ளத்தை ஐஸ்லரும் விரும்பவில்லை. கூரான, உலர்ந்த, வெடுக்கென்ற சத்தமே அவருக்குப் பிடித்தது.

அவர் என்ன செய்தார் என்பதை இரண்டு காட்சிகளால் சொல்கிறோம். நீட்டிச் சொல்வதற்கு மன்னிக்க வேண்டும். விஷயத்தின் சூட்சுமம் இங்கேதான் இருக்கிறது.

முதல் காட்சி 1931ல் வந்த "யாருக்கும் சொந்தமில்லாத நிலம்" என்ற படத்தில் வருகிறது. விக்டர் ட்ரிவாஸ் எடுத்தது. யுத்தத்துக்கு எதிரான படம். 1914. ஜெர்மனியில் ஒரு தச்சுத் தொழிலாளி. யுத்தத்துக்குப் புறப்படச் சொல்லி உத்தரவு வருகிறது. உளி, இழைப்புளி எல்லாவற்றையும் அலமாரியில் வைத்துப் பூட்டுகிறான். மூட்டையை எடுக்கிறான். பெண்டாட்டி பிள்ளைகளோடு தெருவில் இறங்கிப் பட்டாளத்துக் கொட்டடியை நோக்கி நடக்கிறான். அவனைப் போலப் பல பேர். தலை தொங்கியிருக்கிறது. கால் இழுபடுகிறது. அப்போது மிக மெல்லிசாக ஒரு ராணுவ பாண்டு கேட்கத் தொடங்குகிறது. சத்தம் ஏற ஏறக் கால்கள் சீராக விழுகின்றன. முதுகு நிமிர்கிறது. பெண்களும் குழந்தைகளும்கூடச் சிப்பாய் நடை போடுகிறார்கள். மீசைகள் முறுக்கிக்கொண்டு நிற்கின்றன. பாண்டு உச்சத்துக்குப் போகும்போது, சற்று முன் அழுத முகத்தோடு வந்த அதே மனிதர்கள் கொலைவெறிக் கும்பலாகக் கொட்டடிக்குள் நுழைகிறார்கள்.

வேறு ஒரு சங்கீத டைரக்டராக இருந்தால் இந்தக் காட்சிக்கு என்ன போடுவார்? பிரிவுத் துயரம் என்று சோகமாக ஒன்றை இழைத்திருப்பார். ஜனங்கள் கைக்குட்டையை எடுத்திருப்பார்கள். ஐஸ்லர் அப்படிச் செய்யவில்லை. நல்ல மனிதனைக் கொலைகாரனாக்க ஒரு பாண்டு வாத்தியம் போதும் என்று, அந்தப் பாண்டு வாத்தியத்தைக் கொண்டே காட்டிக்கொடுத்தார். தம் தொழிலில் இருக்கும் விஷத்தைத் தாமே பிழிந்து சபையில் வைத்தார். இந்த நேர்மை நம்மை எப்போதும் அசைக்கிறது.

இரண்டாவது காட்சி, 1932ல் வந்த "குலே வாம்பே" படத்தில். ஸ்லாதான் டூடோவ் எடுத்தார், கதை வசனத்தில் பிரெக்டும் ஓட்வால்டும், சங்கீதம் ஐஸ்லர். லட்சக்கணக்கானவர்கள் வேலையில்லாமல் திண்டாடிய காலம். வேலை தேடி அலுத்த வாலிபன் ஒருவன், ஜன்னலிலிருந்து குதிப்பதற்கு முன்னால் தன் கைக்கடிகாரத்தைக் கழற்றிப் பத்திரமாக வைத்துவிட்டுக் குதிக்கிறான். கடிகாரம் உடைந்தால் வீட்டுக்கு நஷ்டமாம்! இதைவிட ஏழ்மையைச் சொல்ல வேறு காட்சி வேண்டுமா? இந்தப் படத்தின் தொடக்கத்தில் பெர்லின் தொழிலாளர் பகுதியின் இடிந்த வீடுகளும் அழுக்கு முற்றங்களும் வருகின்றன. பார்த்தாலே நெஞ்சு கனக்கும். ஆனால் ஐஸ்லரின் வாத்தியமோ வேகமாக, கூராக, கோபமாக விரைகிறது. படம் மந்தமாக நகர்கிறது. சங்கீதம் அதோடு மல்லுக்கட்டுகிறது. காரணத்தை அவரே பிற்பாடு எழுதியிருக்கிறார். பார்ப்பவனுக்கு வெறும் இரக்கம் வந்துவிடக் கூடாது, எதிர்க்கும் எண்ணம் பிறக்க வேண்டும் என்பதே நோக்கம்.

இரக்கம் வந்தவன் அழுதுவிட்டு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுப் படுத்துவிடுவான். நம் கூட்டங்களிலும் இது நடக்கிறது, இல்லையா?

இந்தப் படத்தில் ஆயிரக்கணக்கான தொழிலாளர் விளையாட்டு வீரர்கள் நடித்தார்கள். எடுத்து முடிக்கும் முன்பே கம்பெனி திவாலாயிற்று. வேறொரு கம்பெனி வந்து முடித்தது. 1932 மார்ச்சில் சென்ஸார் தடை விதித்தது. கண்டனம் எழுந்தது, வெட்டுகளுக்குப் பிறகு மே மாதம் பெர்லினில் வெளிவந்தது. அதே வருஷம் டச்சுக்காரரான ஜோரிஸ் ஈவென்ஸ், சோவியத் நாட்டில் மாக்னிடோகோர்ஸ்க் உருக்காலை எழும்புவதைப் படமெடுத்தார். அதற்குச் சங்கீதம் போட ஐஸ்லர் அந்த ஊருக்கே நேரில் போனார். ஊது உலையின் இரைச்சலும் இரும்பின் ஓசையும் அவருக்கு வாத்தியங்கள்.

1933ல் ஹிட்லர் வந்தான். ஐஸ்லர் யூத வம்சத் தந்தைக்குப் பிறந்தவர்; கம்யூனிஸ்டுப் பாட்டுக்காரர். இரண்டு குற்றங்களும் ஒரே ஆளிடம். அவருடைய இசை ஜெர்மனியில் தடை செய்யப்பட்டது. அதற்குப் பிறகு 15 வருஷம் நாடோடி வாழ்க்கை. பாரிஸ், லண்டன், டென்மார்க் என்று பெட்டியும் கையுமாக அலைந்தார். 1937ல் ஸ்பெயினுக்குப் போய் சர்வதேசப் படைத் தோழர்களுக்குப் பாட்டுகள் கொடுத்தார். நடுவே கிடைத்த படங்களுக்கெல்லாம் சங்கீதம் அமைத்தார். ஈவென்ஸின் "புதிய நிலம்" அவற்றில் ஒன்று. கடலை வற்றவைத்து ஹாலந்துத் தொழிலாளிகள் வயல் உண்டாக்குகிறார்கள். அங்கே விளைந்த கோதுமை பசித்தவனுக்குப் போகாமல் விலைக்காக அழிக்கப்படுகிறது. அதிலே ராட்சதக் குழாய் ஒன்றைத் தொழிலாளிகள் முதுகு வளைந்து சுமந்துவரும் காட்சி உண்டு. படத்தில் தெரிவது பாரம். சங்கீதத்தில் கேட்பது அத்தனை தோள்களும் ஒன்றாக நிற்கும் பலம்.

1938ல் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். அங்கே விசாவுக்காகப் பட்ட பாடு தனிக் கதை. நியூயார்க்கில் ஒரு கல்விக் கூடத்தில் வாத்தியார் வேலை கிடைத்தது. 1940ல் ஒரு வேடிக்கை நடந்தது. சினிமா சங்கீதத்தை ஆராய்ச்சி செய்ய ராக்பெல்லர் அறநிதி அவருக்குச் சுமார் 20,000 டாலர் மானியம் கொடுத்தது. எண்ணெய் ராஜாவின் பணம், கம்யூனிஸ்டின் ஆராய்ச்சி! வாங்கியிருக்கலாமா என்று சில தோழர்கள் முகம் சுளிக்கலாம். வாங்கின பணத்தில் என்ன செய்தார் என்று பாருங்கள். ஈவென்ஸ் 1929ல் எடுத்த "மழை" என்ற ஊமைப் படம்: ஆம்ஸ்டர்டாம் நகரத்தில் மழை பெய்து ஓய்வது, அவ்வளவுதான். அதற்கு 1941ல் ஐந்தே வாத்தியக்காரர்களை வைத்து, மழையை வர்ணிக்கப் பதினான்கு விதங்கள் என்று ஓர் இசை எழுதினார். பிரிந்து வந்த குருவின் முறையிலேயே எழுதினார். குருவின் எழுபதாவது பிறந்தநாளுக்கு அதையே காணிக்கையாக்கினார்.

அந்த ஆராய்ச்சியிலிருந்து ஒரு புஸ்தகம் பிறந்தது. அடார்னோ என்ற தத்துவாசிரியரும் ஐஸ்லரும் சேர்ந்து எழுதியது. 1947ல் வெளிவந்தபோது ஐஸ்லரின் பெயர் மட்டும் அட்டையில் இருந்தது. ஐஸ்லரின் தலைக்கு மேல் விசாரணைக் கத்தி தொங்கிக்கொண்டிருந்ததால் அடார்னோ தம் பெயரை எடுத்துவிட்டார். ஆபத்து நீங்கிப் பல வருஷம் கழித்து, 1969ல், பெயரைத் திரும்பச் சேர்த்துக்கொண்டார். நாம் அபிப்பிராயம் சொல்லவில்லை, தேதிகளைத்தான் சொன்னோம்.

அந்தப் புஸ்தகத்தின் முதல் அத்தியாயம் ஹாலிவுட்டின் கெட்ட பழக்கங்களைப் பிட்டுப் பிட்டு வைக்கிறது. ஹாலந்து நகரம் ஒன்று திரையில் வந்தால் போதும், காற்றாலையும் கால்வாயும் தெரிந்தால் போதும். உடனே ஸ்டூடியோ நூலகத்துக்கு ஆள் அனுப்பி ஒரு டச்சு நாட்டுப்பாட்டை எடுத்துவரச் செய்வார்களாம். நமக்கு இதைப் புரிந்துகொள்ளக் கஷ்டமே இல்லை. கிராமம் என்றால் புல்லாங்குழல், சாவு என்றால் ஷெனாய் என்று நம் ஊர்க் கொட்டகையிலும் கேட்டுத்தானே வளர்ந்தோம்! சங்கீதம் இருக்க வேண்டும், ஆனால் காதில் விழக் கூடாது என்பது ஹாலிவுட்டின் இன்னொரு சாஸ்திரம். படத்தில் கண்ணீர் என்றால் வாத்தியமும் கண்ணீர் விட வேண்டும். யார் வயிற்றிலும் புளியைக் கரைக்காமல், குழம்புக்குத் தாளிதம் போல மேலே மணக்க வேண்டும். இது ரசனைக் குறைவு மட்டும் அல்ல, முதலாளியின் தேவை என்கிறது புஸ்தகம். கொட்டகையில் உட்கார்ந்திருப்பவன் யோசிக்கத் தொடங்கினால் மறுநாள் டிக்கெட் விற்காது. சங்கீதக்காரரின் நிலைமையையும் புஸ்தகம் மறைக்கவில்லை. படம் எடுத்து முடிந்த பிறகு கடைசியில் கூப்பிடுவார்கள். அவசரத்தில் எழுதிக் கொடுக்க வேண்டும். அவருக்கு மேலே ஸ்டூடியோவின் இசைப் பகுதி எஜமானர்கள்.

இவ்வளவும் தெரிந்துகொண்டு 1942ல் அவர் ஹாலிவுட்டுக்கே போனார். வயிறு என்று ஒன்று இருக்கிறதே! சில படங்கள் கூலிக்குச் செய்தவை. அவற்றை நாம் நியாயப்படுத்தப் போவதில்லை. அவரும் பெருமை பேசவில்லை. ஆனால் 1943ல் ஃப்ரிட்ஸ் லாங் எடுத்த "தூக்கிலிடுவோரும் மடிவர்" என்ற படத்தைச் சொல்லியாக வேண்டும். கதையில் பிரெக்டுக்கும் பங்கு உண்டு. செக் நாட்டைக் கசக்கிப் பிழிந்த நாஜி அதிகாரி ஹெய்டிரிக், தேசபக்தர்களால் தாக்கப்பட்டு ஆஸ்பத்திரியில் சாகக் கிடக்கிறான். ஐஸ்லருக்கு ஒரு சங்கடம். சாகிறவன் எவனானாலும் திரையில் பார்க்கும்போது மனசு இளகும். அங்கே கம்பீரமாக ஒரு சோக இசையைப் போட்டால் கொலைகாரன் வீரனாகிவிடுவான். ஆகவே காதைக் கிழிக்கும் உச்ச ஸ்தாயியில் கீச்சென்ற இசை ஒன்றை எழுதினார். வயலின் தந்தியை விரலால் சுண்டி, ரத்தம் சொட்டும் தாளத்தைக் காட்டினார். மனிதன் சாகவில்லை, எலி சாகிறது என்று காது சொல்கிறது. காது சொன்ன பிறகு கண் ஏமாறாது. இந்தப் படத்துக்கும், 1944ல் வந்த இன்னொரு படத்துக்கும் ஆஸ்கார் பரிசுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. பரிசு வரவில்லை. வேறொன்று வந்தது.

1947 செப்டம்பரில் வாஷிங்டனில், அமெரிக்க விரோத நடவடிக்கை விசாரணைக் கமிட்டி அவரைக் கூண்டில் ஏற்றியது. அவருடைய அண்ணன் கெர்ஹார்ட் கம்யூனிஸ்ட்; அவரை முன்பே வேட்டையாடத் தொடங்கியிருந்தார்கள். உடன்பிறந்த அக்கா ரூத் பிஷரே சகோதரருக்கு எதிராகச் சாட்சி சொன்னார். விசாரணை அதிகாரி, ஐஸ்லரை "இசைத் துறையின் கார்ல் மார்க்ஸ்" என்றார். திட்டுவதாக நினைத்துச் சொன்னார். அது தமக்குப் பெருமைதான் என்று ஐஸ்லர் பதில் சொன்னார். அவருடைய பழைய பாட்டுகளை எடுத்து வைத்துக்கொண்டு கமிட்டிக்காரர்கள் வரி வரியாகக் குடைந்தார்கள். ஒரு நாட்டின் சட்டசபை அங்கத்தினர்கள் மூன்று நாள் உட்கார்ந்து பாட்டுப் புஸ்தகத்தைப் புரட்டினார்கள் என்றால், பாட்டுக்கு எவ்வளவு பயப்பட்டிருக்க வேண்டும்! நாம் பஸ் வரும்வரை ஒதுங்கும் நிழல் என்று நினைத்ததை, எதிரி பீரங்கி என்று சரியாக மதிப்புப் போட்டிருந்தான்.

கமிட்டித் தலைவர் பார்னெல் தாமஸைப் பற்றியும் ஒரு வார்த்தை. தேசபக்தியை மொத்தக் குத்தகைக்கு எடுத்த இந்தக் கனவான், தம் ஆபீஸ் சம்பளப் பட்டியலில் மோசடி செய்ததற்காக 1949ல் தண்டனை பெற்றார். அவர் அடைபட்ட சிறையிலேயே, அவரால் உள்ளே போன ஹாலிவுட் எழுத்தாளர்கள் இரண்டு பேர் இருந்தார்கள்.

சார்லி சாப்ளின், தாமஸ் மான், ஐன்ஸ்டைன், பிக்காஸோ எல்லோரும் ஐஸ்லருக்காகக் குரல் கொடுத்தார்கள். பலிக்கவில்லை. 1948 மார்ச் 26ந் தேதி நியூயார்க் விமான நிலையத்திலிருந்து அமெரிக்காவை விட்டு வெளியேறினார். பாசிஸத்துக்குத் தப்பி வந்தவரை, பாசிஸம் தோற்று மூன்று வருஷம் ஆகும் முன்பே துரத்தினார்கள்.

பிறகு கிழக்கு பெர்லின். 1949ல் புதிதாகப் பிறந்த ஜெர்மன் ஜனநாயகக் குடியரசின் தேசியகீதத்துக்கு, கவிஞர் பெக்கரின் வார்த்தைகளுக்கு, இசையமைத்தார். அந்தக் கீதத்துக்கும் விசித்திரமான விதி. ஒன்றுபட்ட ஜெர்மனி என்ற கருத்து அதில் இருந்ததால் 1970களில் வார்த்தைகளைப் பாடுவதையே நிறுத்தினார்கள். இசை மட்டும் ஒலித்தது. 1990ல் அந்தக் குடியரசே மறைந்தது.

தோழர்களே, இங்கே ஒரு கசப்பான விஷயத்தைச் சொல்லாமல் தாண்டிப் போக முடியாது. அமெரிக்கக் கமிட்டியைப் பற்றிச் சொன்னபோது கை தட்டினீர்கள். இதையும் கேளுங்கள். ஐஸ்லர் "யோஹான் பாஸ்டஸ்" என்று ஓர் இசை நாடகம் எழுதினார். வசனம் 1952ல் புஸ்தகமாக வந்தது. விவசாயிகளின் கலகத்தில் அவர்கள் பக்கம் நிற்காமல் நழுவிய படிப்பாளியின் கதை. 1953ல் கட்சிப் பத்திரிகையே அதைத் தாக்கியது. ஜெர்மானிய மரபைக் கேவலப்படுத்துகிறது என்றார்கள். கலைக் கழகத்தில் கூட்டத்துக்கு மேல் கூட்டம் போட்டு விவாதித்தார்கள். பிரெக்ட் நண்பருக்காக வாதாடினார். மனம் நொந்த ஐஸ்லர் வியன்னாவுக்குப் போய்விட்டார். அங்கிருந்து மத்தியக் கமிட்டிக்குக் கடிதம் எழுதினார். இசை எழுதும் உந்துதலே தம்மிடம் வற்றிவிட்டது என்று முறையிட்டார். மறு வருஷம் திரும்பி வந்தார். கட்சியை விட்டுக்கொடுக்கவில்லை, எதிரியின் பத்திரிகைக்குப் பேட்டி கொடுக்கவில்லை. ஆனால் அந்த நாடகத்துக்குச் சில துண்டுகளைத் தவிர இசை எழுதப்படவே இல்லை. இனி எழுதவும் ஆள் இல்லை.

நம்மவர்கள் செய்தது தவறு. எதிரி முற்றுகையிட்ட காலம், யுத்தத்தில் இடிந்த நாடு என்று காரணம் சொல்லலாம். அந்தக் காரணங்கள் உண்மையும்கூட. ஆனாலும் தவறு. எதிரி அவரை நாட்டை விட்டுத்தான் துரத்த முடிந்தது. அவர் பேனாவிலிருந்து ஒரு முழு இசை நாடகத்தைப் பிடுங்க நம்மால்தான் முடிந்தது. பாடுகிறவனின் சட்டையைப் பின்னாலிருந்து இழுக்கும் பழக்கம் நம் ஊர் மேடையோடு நிற்கவில்லை என்பதற்காகவே இதைச் சொன்னோம்.

கிழக்கு ஜெர்மனியிலும் படங்கள் செய்தார். 1950ல் வந்த "தெய்வங்களின் சபை" ஹிட்லருக்கு விஷவாயு செய்து கொடுத்த ரசாயன முதலாளிகளின் கதை. அதில் சாதாரண வாத்தியங்களோடு, மின்சாரத்தால் ஒலி எழுப்பும் ட்ரவுடோனியம் என்ற கருவியையும் பயன்படுத்தினார். ஐம்பது வயதைத் தாண்டியும் புதுச் சத்தம் தேடும் ஆசை விடவில்லை. 1962 செப்டம்பர் 6ந் தேதி பெர்லினில் காலமானார். பிரெக்ட் அடங்கிய அதே மயானத்தில் அவரும் அடங்கியிருக்கிறார். பெர்லினில் ஓர் இசைக் கல்லூரி இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

இனி, படம். பிரெஞ்சுக்காரரான அலென் ரெனே 1955ல் எடுத்த "இரவும் பனியும்". 32 நிமிஷம்தான். நாஜிகளின் மரண முகாம்களைப் பற்றியது. வர்ணனையை எழுதிய ஜான் கைரோல் தாமே முகாமில் கிடந்து மீண்டவர். ரெனே கூப்பிட்டதும், மனம் நொந்திருந்த ஐஸ்லர் பாரிஸுக்குப் போய் எழுதிக் கொடுத்த சங்கீதம் இது. முகாமில் நிற்கும் ஒரு பிரெஞ்சுப் போலீஸ்காரனின் தொப்பியை மறைத்தால்தான் அனுமதி என்று பிரெஞ்சு சென்ஸார் அடம்பிடித்தது. 1956ல் மேற்கு ஜெர்மன் தூதரகம் ஆட்சேபித்ததால் கான் விழாவின் போட்டியிலிருந்தும் எடுத்துவிட்டார்கள்.

பச்சைப் புல் வளர்ந்த வயலில் படம் தொடங்கும். அதற்குப் பிறகு வருவதைப் பார்க்கக் கல்நெஞ்சு வேண்டும். குழந்தைகளை வெளியே அழைத்துப் போய்விடுங்கள். மைக் செட் தோழருக்கு ஒரு வேண்டுகோள். பயங்கரமான காட்சிகள் வரும் இடத்தில் வாத்தியம் மெலிந்து, ஒற்றைக் குழலும் ஒரிரண்டு தந்தியுமாகக் குறைந்துவிடும். ஸ்பீக்கர் கெட்டுவிட்டது என்று நினைத்துச் சத்தத்தைக் கூட்டிவிடாதீர்கள். அப்படித்தான் எழுதியிருக்கிறார். படம் முடிந்து விளக்குப் போட்டதும் தப்புத் தோழர்கள் வாசிப்பார்கள். இன்று அவர்களுக்குப் பிறகு பேசுவதற்கு யாரும் இல்லை. அவர்கள் முடிக்கும்போதுதான் கூட்டம் முடியும்.

ஜன்னலைச் சாத்துங்கள், தோழர்களே. விளக்கை அணைக்கலாம்.